வன்னிக் குளங்களும் அவைத் தீர்மானமும்: நீர்ப்பங்கீட்டில் முரணும் இணக்கமும்

மனிதர் கூடி வாழத் தலைப்பட்ட காலந்தொட்டே கூடி முடிவெடுக்கும் தேவையும் எழுந்துள்ளது. ஒருவர் விரும்புவதை மற்றவர் விரும்பாதவிடத்து யார் சொல் நிற்பது என்னும் வினாவுக்கு ஒவ்வொரு சமுதாயமும் தனக்குரிய முறையில் விடை கண்டிருக்கிறது. அரசியல் நூலார் இவ்வினாவை நாடாளுமன்றங்களையும் அரசியலமைப்புகளையும் கொண்டே பெரிதும் ஆராய்ந்துள்ளனர். குளக்கட்டின் கீழே கூடிய கமக்காரர், எந்த நாளில் துருசைத் திறப்பது, எவருக்கு எவ்வளவு நிலம் என்று வாதாடித் தீர்த்த முடிவுகள் அவ்வாராய்ச்சியில் உரிய இடம் பெற்றன அல்ல. எனினும், பசியையும் விளைச்சலையும் நேரே தொடும் முடிவுகள் இவையே. கிளிநொச்சி, முல்லைத்தீவு, வவுனியா ஆகிய மாவட்டங்களை உள்ளடக்கிய வன்னிப் பெருநிலப்பரப்பின் நீர்ப்பங்கீட்டு வரலாற்றை நோக்குமிடத்து, ஒரு கூட்டத்தின் முடிவு எப்போது நிலைக்கிறது, எப்போது குலைகிறது என்பதற்குத் தெளிவான சான்றுகள் கிடைக்கின்றன. அச்சான்றுகளை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

குளத்தின் அமைப்பும் முரணின் தோற்றமும்

வன்னியில் ஆண்டு முழுவதும் பாயும் ஆறு இல்லை. கனகராயன் ஆறு, பேராறு, பாலியாறு, பறங்கியாறு என்பன மாரியிற் பெருகிக் கோடையில் வறள்வன. ஐப்பசி முதல் மார்கழி வரை பெய்யும் வடகீழ்ப் பருவமழையே இந்நிலத்தின் முதல். அதனைக் கட்டி நிறுத்துவதற்கென எழுந்தவையே ஊர்தோறும் உள்ள சிறு குளங்களும், இரணைமடு, வவுனிக்குளம், முத்தையன்கட்டு, பாவற்குளம் முதலிய பெருங்குளங்களுமாம்.

குளத்தின் அமைப்பிலேயே முரணின் வித்து அடங்கியுள்ளது. துருசுக்கு அண்மையிலுள்ள வயலுக்கு நீர் முதலிற் பாய்கிறது. கடைவாய்க்காலில் உள்ளவன் மிஞ்சியதையே பெறுகிறான். முன்னவன் சோம்பி இருந்தாலும் நீர் வரும். பின்னவன் விழித்திருந்தாலும் வாராது. பிந்தி விதைத்த ஒருவனின் பயிர் முற்றும் வரை துருசைத் திறந்து வைத்திருந்தால், ஏனையோரின் அடுத்த போகத்து நீர் வீணாகிறது. மாடு வளர்ப்போன் வயல் வெளியில் மேய்ச்சலை நாடுகிறான். விதைத்தவன் மாடுகளை அகற்றச் சொல்கிறான். குளத்தில் மீன் பிடிப்போன் கோடையிலும் ஓரளவு நீர் நிற்க வேண்டும் என்கிறான். இவர்களுள் எவரது வேண்டுகையும் நியாயமற்றதன்று. அனைத்தையும் ஒருசேர நிறைவேற்றக் குளத்தில் நீர் இல்லை என்பதே சிக்கல்.

இச்சிக்கலைத் தீர்க்கும் அவையே பயிர்ச்செய்கைக் கூட்டம். முதல் நீர் விடும் நாள், இறுதி நீர் நிறுத்தும் நாள், விதைப்பு முடிக்கும் நாள், விதைக்க வேண்டிய நெல் மூன்று மாதத்ததா மூன்றரை மாதத்ததா என்பது, வாய்க்கால் துப்புரவு, வேலியடைப்பு, கால்நடைகளை அகற்றும் தவணை என யாவும் ஆங்கே தீர்மானிக்கப்படுகின்றன. காலபோகத்தில் மழையும் துணை நிற்பதால் கருத்து வேறுபாடு பெரிதும் நாள்களைப் பற்றியதாகவே அமையும். மழை ஓய்ந்தபின் குளத்து நீரை மட்டும் நம்பிச் செய்யப்படும் சிறுபோகத்திலேயே உண்மையான சோதனை எழுகிறது.

சிறுபோகப் பங்கு

சிறுபோகக் கூட்டம் கூடும் பங்குனி, சித்திரைக் காலத்தில் மழை முடிந்துவிடுகிறது. குளத்தில் எத்தனை அடி நீர் நிற்கிறது என்பதை நீர்மட்டக் கோல் காட்டுகிறது. பொறியியலாளரும் கமக்காரரும் ஒரே கோலையே பார்க்கின்றனர். அந்நீர் எத்தனை ஏக்கருக்குப் போதும் என்பதிற் சிறிது வேறுபாடு இருக்கலாம். நீர் எவ்வளவு என்பதில் வேறுபாடு இல்லை. எனவே வாதம் முழுவதும் பங்கிடும் முறையைப் பற்றியதாகச் சுருங்குகிறது.

வயல் முழுவதற்கும் நீர் போதாதபோது, சிலருக்கு முழுவதும் கொடுத்துச் சிலரை வெறுங்கையராக விடாது, ஒவ்வொருவரும் தத்தம் உரித்தின் ஒரு விகிதத்தையே செய்வர். நீர் பாதிக்குப் போதுமாயின் இரண்டு ஏக்கர் உடையவனுக்கு ஓர் ஏக்கர். கால்பங்குக்கே போதுமாயின் அரை ஏக்கர். வன்னிக்குத் தெற்கே, நுவரகலாவியப் பகுதியிலுள்ள புல் எலிய என்னும் சிற்றூரில் 1954ஆம் ஆண்டு கள ஆய்வு செய்த மானிடவியலறிஞர் எட்மண்ட் லீச், 1961இல் வெளியிட்ட தம் நூலில் இதனையொத்த ‘பெத்ம’ என்னும் வழக்கை விளக்கியுள்ளார். வறட்சிக் காலத்தில் குளத்துக்கு அண்மையிலுள்ள வயற்பரப்பு மட்டும் செய்யப்பட, அதனைத் தூரத்து வயற்காரரும் பங்கிட்டுக்கொள்வர். ஒருவன் தன் சொந்த வயலின் ஒரு பகுதியை ஒரு போகத்துக்கு மற்றவனிடம் விட்டுக்கொடுப்பதே இதன் உட்பொருள். வன்னியின் சிறுபோகப் பங்கும் இவ்வறத்தின்பாற்பட்டதே. மொழியாலும் மதத்தாலும் வேறுபட்ட இரு மக்கள் ஒரே உலர் வலயத்தில் வாழ்ந்து ஒரே முடிவுக்கு வந்தனர் என்பது ஈண்டுக் கருதத்தக்கது.

இம்முறையில் மூன்று பண்புகள் காணப்படுகின்றன. ஒன்று, பங்கிடப்படும் பொருளின் அளவு யாவருக்கும் தெரிந்ததாயிருத்தல். இரண்டு, இழப்பு எல்லார்மீதும் விகிதப்படி விழுதல். மூன்று, முடிவின் ஆயுள் ஒரு போகமாதலால், இம்முறை குறைபட்டவன் அடுத்த கூட்டத்தில் மீண்டும் வாதாட இடமிருத்தல். பிற்காலத்து நிகழ்ச்சிகளை அளக்க இம்மூன்றும் உரைகல்லாக உதவும்.

சட்டம் வகுத்த பெரும்பான்மை

பிரித்தானியர் ஆட்சியில் 1832ஆம் ஆண்டு இராசகாரிய முறை ஒழிக்கப்பட்டது. கட்டாய ஊழியத்திலிருந்து குடிகள் விடுபட்டது நன்மையே. ஆயினும், குளக்கட்டைப் பேணவும் வாய்க்காலை வெட்டவும் குடிகளைக் கூட்டிய அதிகாரமும் அதனுடன் மறைந்தது. அவ்விடத்தை நிரப்ப வேறு ஏற்பாடு செய்யப்படவில்லை. இந்நிலையைக் கண்ட தேசாதிபதி சேர் ஹென்றி வார்ட்டின் காலத்தில், நெற்காணிகளின் நீர்ப்பாய்ச்சல், பயிர்ச்செய்கை தொடர்பான பண்டை வழக்காறுகளை மீட்டு நடைமுறைப்படுத்துவதற்கென 1856ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது.

காணிக்காரர் கூட்டத்தின் பெரும்பான்மை முடிவு உடன்படாதவரையும் கட்டுப்படுத்தும் என்னும் விதி இச்சட்ட மரபில் வேரூன்றியது. 1946ஆம் ஆண்டின் 32ஆம் இலக்க நீர்ப்பாசனக் கட்டளைச் சட்டமும், அரசாங்க அதிபர் கூட்டும் காணிக்காரர் கூட்டத்தின் பெரும்பான்மைத் தீர்மானத்துக்கு அத்தகைய வலுவை அளித்தது. வழக்காறு சட்டமானபோது அதன் இயல்பில் ஒரு மாற்றம் நேர்ந்தது என்பதை மறுத்தற்கில்லை. முன்னர் முணுமுணுப்பு அடங்கும் வரை பேசித் தீர்த்த இடத்தில், இப்போது தலைகளை எண்ணி முடிக்கவும் இயலும்.

ஆயினும் குளத்தடியில் வாக்கெண்ணிக்கைக்கு ஓர் இயற்கை எல்லை உண்டு. கூட்டத்தில் தோற்கடிக்கப்பட்ட கடைவாய்க்கால்காரன் நள்ளிரவில் மண்வெட்டியோடு சென்று வாய்க்கால் வரம்பை வெட்டிவிடலாம். ஒவ்வொரு வரம்பிலும் காவல் நிறுத்த எந்த விதானையாலும் ஆகாது. ஆகவே, சட்டம் பெரும்பான்மை போதும் என்றாலும், தோற்றவனும் தாங்கிக்கொள்ளக்கூடிய முடிவே நடைமுறையில் நிலைக்கும். வாக்கால் வெல்வது வேறு. நீரைக் கடைவயல் வரை கொண்டு சேர்ப்பது வேறு.

அவையில் அமர உரிமையுடையோர் யார்?

கூட்டத்தின் முடிவு நேரியதா என்று கேட்பதற்கு முன், கூட்டத்தில் இருந்தவர் யார் என்று கேட்பது அவசியம். காணிக்காரர் கூட்டம் என்பது காணி உடையோரின் கூட்டமாயின், சேற்றில் இறங்கி உழைக்கும் குத்தகைக்காரனுக்கும் கூலியாளனுக்கும் அங்கே குரல் இல்லை. விவசாய அமைச்சராயிருந்த பிலிப் குணவர்த்தனவின் முயற்சியால் நிறைவேறிய 1958ஆம் ஆண்டின் நெற்காணிச் சட்டம் இவ்விடத்தையே தொட்டது. வயல் விதானைமாரின் பொறுப்புகளைத் தெரிவு செய்யப்பட்ட பயிர்ச்செய்கைக் குழுக்களிடம் ஒப்படைத்ததோடு, அக்குழுக்களில் உண்மையாகப் பயிரிடுவோர் மேலோங்க வேண்டும் என்பதையும் அது தன் நோக்கமாகக் கொண்டது. காணியுடையோரின் எதிர்ப்பும் சட்டக் குறைபாடுகளும் அந்நோக்கத்தைப் பெரிதும் தளர்த்தின. 1972ஆம் ஆண்டின் விவசாய உற்பத்தித்திறன் சட்டத்தின் கீழ் அமைந்த குழுக்களின் உறுப்பினரை அமைச்சரே நியமித்தார். தெரிவு நியமனமாக மாறியபோது, குழு தன் ஊரை நோக்குவதிலும் தன்னை நியமித்தவரை நோக்குவது இயல்பாயிற்று. 1979ஆம் ஆண்டின் கமநல சேவைகள் சட்டமும், 2000ஆம் ஆண்டின் கமநல அபிவிருத்திச் சட்டமும் அடுத்தடுத்து வந்தன. இன்று வன்னிக் குளங்களில் இயங்கும் கமக்காரர் அமைப்புகள் இவ்வழியில் உருப்பெற்றவை.

இருந்தும் வினா முற்றாகத் தீரவில்லை. 1958, 1977, 1983ஆம் ஆண்டுகளின் வன்செயல்களால் மலையகத்திலிருந்து இடம்பெயர்ந்து வன்னியிற் குடியேறிய தமிழருட் பலர் காணி உரித்தின்றிப் பிறர் வயலில் உழைப்போராயினர். 2009இல் முடிந்த போரின் பின் பெண்கள் தலைமை தாங்கும் குடும்பங்கள் வன்னியெங்கும் பெருகின. இவர்கள் பேசாத கூட்டத்தில் எதிர்ப்பு எழவில்லை என்பதைக் கொண்டு இணக்கம் நிலவியது என்று கூறுதல் பொருந்தாது. மௌனத்தை உடன்பாடாகக் கொள்வது எளிது. அதன்மேல் ஒரு முடிவை நிறுத்துவது அரிது.

இரணைமடு: ஒரு குளம், இரு உரிமை

வன்னியின் நீர்ப்பங்கீட்டு வரலாற்றில் மிகப் பெரிய முரண் இரணைமடுக் குளத்தைப் பற்றி எழுந்ததாகும். கனகராயன் ஆற்றை மறித்துக் கட்டப்பட்ட இக்குளத்தின் வேலை 1902இல் தொடங்கி, 1920ஆம் ஆண்டளவில் நிறைவுற்றது. பின்னர் கட்டு பலமுறை உயர்த்தப்பட்டு, கொள்ளளவு 131 மில்லியன் கன மீற்றர் வரை பெருகியது. 1936ஆம் ஆண்டு தொடங்கிய குடியேற்றத் திட்டத்தின் கீழ், நெருக்கடியும் வேலையின்மையும் மிக்க யாழ்ப்பாணக் குடாநாட்டிலிருந்து மக்கள் கிளிநொச்சியில் வந்து குடியேறினர். காடு வெட்டி, மலேரியாவோடு போராடி, வயல் ஆக்கியவர்களின் வழித்தோன்றல்களே பின்னர் இக்குளத்தின் கமக்காரருட் பலர். ஆகவே, ஆனையிறவுக்கு இப்புறமும் அப்புறமும் நின்று வாதிட்டோர் ஒரே மொழியினர். பல இடங்களில் ஒரே உறவினர்.

யாழ்ப்பாணத்தின் தேவை மெய்யானது. சுண்ணக்கற் பாறைமேல் அமைந்த குடாநாட்டில் ஆறு இல்லை. மழைநீர் பாறையினூடு ஊறி உவர்நீரின் மேல் மிதந்து நிற்க, அதனையே கிணறுகள் தருகின்றன. மிகையாக இறைத்தால் உவர் ஏறுகிறது. உரமும் மலசலகூடக் குழிகளும் நைத்திரேற்றைச் சேர்க்கின்றன. இக்காரணங்களால், இரணைமடுவிலிருந்து நாளொன்றுக்கு 27,000 கன மீற்றர் நீரைக் குழாய் வழியே கொண்டுசெல்லும் யாழ்ப்பாணம் கிளிநொச்சி நீர்வழங்கல் திட்டத்துக்கு ஆசிய அபிவிருத்தி வங்கி 2010ஆம் ஆண்டு நவம்பரில் கடன் ஒப்புதல் அளித்தது. பிரெஞ்சு அபிவிருத்தி முகவரகமும் நிதியுதவிக்கு முன்வந்தது. குளக்கட்டை மேலும் இரண்டு அடி உயர்த்திக் கிடைக்கும் நீர், குடிநீருக்கு ஈடுசெய்யும் என்பது திட்டத்தின் கணக்கு.

அவ்வாண்டு எத்தகையது என்பது நினைவிற் கொள்ளத்தக்கது. 2008, 2009ஆம் ஆண்டுகளில் வன்னி மக்கள் முழுவதும் இடம்பெயர்ந்து, எஞ்சியோர் செட்டிகுளத்து முகாம்களில் அடைபட்டிருந்தனர். 2010இல் அவர்கள் கூரையற்ற வீடுகளுக்கும் காடுபற்றிய வயல்களுக்கும் திரும்பிக்கொண்டிருந்தனர். கமக்காரர் தொடக்கத்தில் இணங்கினர் என்பது திட்டத்தை ஆதரித்தோரின் வாதம். தாங்கள் முழு விவரமறிந்து இணங்கவில்லை என்பது கமக்காரர் தரப்பின் வாதம். எது சரியெனினும், தன் வரம்பைக்கூட இன்னும் காணாதவனிடம் நிரந்தரமான நீர்க்கொடை பற்றிக் கேட்பது உரிய வேளையில் நடந்த கலந்தாலோசனை ஆகாது.

இரு தரப்பின் கணக்குகளும் வேறுபட்டன. நாளொன்றுக்கு 27,000 கன மீற்றர் என்பது ஆண்டுக்கு ஏறத்தாழ 98 இலட்சம் கன மீற்றர். கமக்காரரின் அளவையில் ஏறக்குறைய 8,000 ஏக்கர் அடி. நிறைந்த குளத்தில் இது பதின்மூன்றில் ஒரு பங்கே, பெரிதன்று. ஆனால் குளம் ஆண்டுதோறும் நிறைவதில்லை. ஓர் ஏக்கர் சிறுபோக நெல்லுக்கு நான்கு ஏக்கர் அடி வேண்டுமெனக் கொண்டால், வறண்ட ஆண்டில் அந்நீர் 2,000 ஏக்கர் சிறுபோகத்துக்குச் சமம். பொறியியலாளர் பல ஆண்டுகளின் சராசரியைப் பேசினர். கமக்காரர் மோசமான ஆண்டைப் பேசினர். கட்டை உயர்த்தினால் மழை உயருமா என்று அவர்கள் கேட்டனர். குடிநீர் கொடுக்க மறுக்கவில்லை, வான் பாய்ந்து கடலில் விழும் மிகைநீரை எடுத்துச் செல்லலாம் என்ற கருத்தும் எழுந்தது. சிறுபோகக் கூட்டத்தில் இரு தரப்பும் பார்க்கும் ஒரே நீர்மட்டக் கோல் இவ்விவாதத்தில் இருக்கவில்லை.

தலைகளை எண்ணித் தீர்ப்பதாயின் வழக்கு எளிதில் முடிந்திருக்கும். 2012ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பின்படி யாழ்ப்பாண மாவட்டத்தில் ஏறத்தாழ 583,000 பேரும் கிளிநொச்சி மாவட்டத்தில் ஏறத்தாழ 113,000 பேரும் வாழ்ந்தனர். 2013 செப்டெம்பர் தேர்தலில் அமைந்த வட மாகாண சபையின் 38 ஆசனங்களுள் யாழ்ப்பாணத்துக்கு 16, கிளிநொச்சிக்கு 4. எனினும், முதலமைச்சர் சி. வி. விக்னேஸ்வரன் தலைமையிலான அச்சபை கிளிநொச்சியின் எதிர்ப்பை எண்ணிக்கையால் மிதித்துச் செல்லவில்லை. நிபுணர் கருத்தை நாடி மாற்று வழியைத் தேடியது. 1956ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டம் முதலாக, வெறும் பெரும்பான்மை வாக்கால் எடுக்கப்பட்ட முடிவு எத்தகைய காயத்தை விட்டுச்செல்லும் என்பதை அனுபவித்த ஒரு மக்கள், தம்முள் இருந்த சிறு தரப்பை அவ்வாறே நடத்தியிருந்தால் அது பெரும் முரணாயிருக்கும்.

ஈற்றில் இரணைமடு நீர் குடாநாட்டுக்குச் செல்லவில்லை. கடல்நீரை நன்னீராக்கும் திட்டம் அதனிடத்தைப் பெற்றது. வடமராட்சி கிழக்கில் தாளையடியில் நாளொன்றுக்கு 24,000 கன மீற்றர் நீர் தரும் நிலையம் 2024 ஓகஸ்ட் மாதம் திறந்துவைக்கப்பட்டது. ஆயினும் இதனை முழு இணக்கம் என்று கொண்டாட இயலாது. நிலையத்திலிருந்து கடலில் விடப்படும் உவர்நீர் தங்கள் மீன்வளத்தைக் கெடுக்கும் என அப்பகுதிக் கடற்றொழிலாளர் எதிர்ப்புத் தெரிவித்திருந்தனர். கடல்நீரை நன்னீராக்கும் செலவோ மிகுதி. இரு தரப்பினர் தம்முட் பொருதாது விலகிக்கொண்டபோது, சுமையின் ஒரு பகுதி மூன்றாம் தரப்பினர்மேலும் பொதுப் பணத்தின்மேலும் இறங்கியது.

பிற நிலத்துச் சான்றும் இணக்கத்தின் எல்லையும்

பொது வளங்களைப் பயன்படுத்துவோரே விதிகளை வகுத்துப் பேண வல்லவர் என்பதைப் பல நாட்டுச் சான்றுகளால் நிறுவிய அமெரிக்க அறிஞர் எலினோர் ஒஸ்ரம், 1990இல் வெளியான தம் நூலில், விதியால் பாதிக்கப்படுவோர் அவ்விதியை மாற்றும் அவையிற் பங்குபெறல் வேண்டும் என்பதை நெடிது நிலைத்த அமைப்புகளின் பண்புகளுள் ஒன்றாகக் காட்டினார். இலங்கையிலேயே, 1981ஆம் ஆண்டு கல்லோயா இடதுகரைத் திட்டத்தில் தொடங்கிய கமக்காரர் குழு முயற்சி இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. ஒரே வயல் வாய்க்காலில் நீர் பெறும் சிலர் ஒரு குழுவாகி, தம் பிரதிநிதியை வாக்கெடுப்பின்றி ஒருமனதாகத் தெரிந்தனர். தலைவாய்க்காலிலிருந்த சிங்களக் கமக்காரர் கடைவாய்க்காலிலிருந்த தமிழ்க் கமக்காரருக்கு நீர் விட்ட நிகழ்ச்சிகளை, அம்முயற்சியில் ஈடுபட்ட நோர்மன் அப்ஹோஃப் பதிவு செய்துள்ளார். குழு சிறிதாகவும், ஒருவர் முகம் ஒருவர் அறிந்ததாகவும், பங்கு கண்ணாற் காணத்தக்கதாகவும் இருந்தமை அங்கே துணைபுரிந்தது.

அதே வேளையில் எல்லா முடிவும் கூட்டத்துக்குரியன அல்ல. கட்டு உயர்த்திப் புனரமைக்கப்பட்ட இரணைமடு 2018 டிசெம்பர் 7ஆம் நாள் திறந்துவைக்கப்பட்டது. அம்மாதம் 21, 22ஆம் நாள்களிற் பெய்த பெருமழையால் கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்கள் வெள்ளத்தில் மூழ்கின. வான்கதவுகள் உரிய நேரத்தில் திறக்கப்பட்டனவா என்பது பெரும் சர்ச்சையாயிற்று. மணிக்கணக்கில் நீர் ஏறும்போது ஊரைக் கூட்டி ஒப்புதல் கேட்க நேரமில்லை. எந்த அளவில் எவர் கதவைத் திறப்பது என்னும் விதியை அமைதிக் காலத்தில் யாவரும் அறியக் கூடி வகுத்துவைப்பதே இயலக்கூடியது.

முடிவுரை

மேற்கூறியவற்றைத் தொகுத்து நோக்கின், வன்னிக் குளங்களின் வரலாறு முரணற்ற ஒரு பொற்காலத்தைக் காட்டவில்லை என்பது புலனாகும். போகந்தோறும் முரண் எழுந்தது. போகந்தோறும் அது ஓர் எல்லைக்குள் கொண்டுவரப்பட்டது. அளவு யாவருக்கும் தெரிந்து, இழப்பு யாவர்மேலும் விழுந்து, மீண்டும் பேச இடமிருந்தவரை முடிவுகள் நின்றன. இரணைமடுக் குடிநீர்த் திட்டத்தில் அளவு எதிர்காலச் சராசரியாயிருந்தது. இழப்பு ஒரு தரப்பின் மேல் மட்டும் விழுவதாய்த் தோன்றியது. பதித்த குழாயை அடுத்த போகத்தில் மாற்ற இயலாது. ஆகவே, நியாயமான தேவையும் போதிய நிதியும் இருந்தும் அத்திட்டம் தொடங்கிய வடிவில் நிறைவேறவில்லை.

நீர் குறைந்துவரும் காலத்தில், மாவட்டத்துக்கும் மாவட்டத்துக்கும், கமக்காரருக்கும் கடற்றொழிலாளருக்கும், ஊருக்கும் நகருக்கும் இடையே இத்தகைய வழக்குகள் இன்னும் எழும். யாழ்ப்பாணத்துக் கிணற்றடியில் நிற்பவரும், இரணைமடுக் கடைவாய்க்காலில் நிற்பவரும், தாளையடிக் கரையில் வலை உலர்த்துபவரும் ஒரே அவையில் அமர்ந்து, ஒரே அளவுகோலைப் பார்த்துப் பேசும் ஏற்பாடு இதுவரை அமையவில்லை. சிறுபோகப் பங்கை வகுத்துக்கொண்ட முன்னோரின் அவை ஓர் ஊரளவில் நின்றது. அதனை ஒரு மாகாணத்தின் அளவுக்கு விரித்தமைக்கும் பணி எஞ்சியுள்ளது.